இணையம், நெருக்கம், ‘நாம்’ என்னும் சொல்

(தலைநகரில் பணிபுரியும் தமிழ்த் தோழர்களுக்கான அரசியல் வகுப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



இணையம் நம்முடைய சமூக அடையாளத்தையும் நெருக்கத்தையும் பேச்சையும் எவ்வாறு மாற்றியிருக்கிறது என்பது இன்றைய தலைப்பு. இதைப் பேசக் கணினித் துறைத் தோழர் ஒருவரை அழைத்திருக்கலாம். கட்சி ஆவணங்களைத் தமிழாக்கம் செய்யும் என்னை அழைத்ததற்கு ஒரு நியாயம் இருக்கக்கூடும்: இணையம் கொண்டுவந்து கொட்டும் சொற்களோடு நாள்தோறும் மல்லுக்கட்டுவது என் வேலை.

‘ஷேர்’ என்பதைப் ‘பகிர்’ என்று நாம் தமிழாக்கிவிட்டோம். நம் மொழியில் பகிர்தல் என்றால் தன்னிடம் இருப்பதில் ஒரு கூறைப் பிறருக்குக் கொடுப்பது. கொடுத்தவரிடம் அந்த அளவுக்குக் குறையும். ஒரு காணொளியை ஆயிரம் பேருக்கு அனுப்பினாலும் அனுப்பியவரிடம் எள்ளளவும் குறைவதில்லை. ‘பரப்பு’ என்பதே சரியான சொல். ஆனால் பரப்புதல் என்றால் வதந்தியும் நோயும் நினைவுக்கு வரும். பகிர்தல் என்றால் சோறு நினைவுக்கு வரும். சோற்றுக்குரிய நற்பெயரை வணிக நிறுவனம் ஒன்றுக்குச் செலவின்றி எழுதிக்கொடுத்தவர்கள் மொழிபெயர்ப்பாளர்கள்தாம். ‘நண்பர்’, ‘குழு’, ‘சமூகம்’ ஆகிய சொற்களும் இப்படியே கைமாறின.

இணையத்தைப் பற்றி நம் தோழர்களிடையே இரண்டு விடைகள் புழங்குகின்றன. கைப்பேசி வந்தது, மனித நெருக்கம் போனது என்பது முதலாவது. இணையம் வெறும் கருவி, அது யார் கையில் இருக்கிறது என்பதே கேள்வி என்பது இரண்டாவது. முதலாவது பழமையை ஏங்குகிறது. இரண்டாவது மார்க்சியம் போலத் தோன்றினாலும் பாதியில் நின்றுவிடுகிறது. இரண்டையும் சற்றுப் பரிசீலிப்போம்.

முன்பு நெருக்கம் இருந்தது என்கிறோம். எவருக்கு இருந்தது? பம்பாய்ப் பொது அஞ்சல் நிலையத்துக்கு எதிரே கடிதம் எழுதித் தருவோர் வரிசையாக அமர்ந்திருந்த காலத்தை எண்ணிப் பாருங்கள். உத்தரப் பிரதேசத்திலிருந்தோ பீகாரிலிருந்தோ ஆலைக்கு வந்த தொழிலாளி, தன் மனைவிக்குச் சொல்ல வேண்டியதை முன்பின் அறியாத ஒருவரிடம் சொல்லி எழுதுவிப்பார். ஊரில் அக்கடிதத்தை அஞ்சல்காரரோ பள்ளிக்கூடத்துப் பையனோ மாமியார், மாமனார், கொழுந்தன் சூழ உரக்கப் படிப்பார். எழுதுபவருக்கும் படிப்பவருக்கும் நடுவே எத்தனை காதுகள்! அந்தக் கடிதங்களில் ஆசை இருந்திருக்கும். ஆனால் அதை எழுத்தில் வைக்க இடமில்லை. மாடு கன்று ஈன்றதும், பணவிடை வந்து சேர்ந்ததும், பெரியவர்களுக்கு வணக்கமும் எழுதப்பட்டன. இன்று சூரத்தின் தறிக்கூடத்திலோ திருப்பூரின் பின்னலாடை ஆலையிலோ பணி முடித்து அறைக்குத் திரும்பும் ஒடிசாத் தொழிலாளி காணொளி அழைப்பில் தன் குழந்தையைப் பார்க்கிறார். மனைவியோடு இருவர் மட்டும் அறியப் பேசுகிறார். எழுதப் படிக்கத் தெரியாதவர் குரல்பதிவு அனுப்புகிறார். வறியவரின் வாழ்வில் இது எளிய மாற்றமன்று. இதை இழிவாகப் பேசும் உரிமை, தனியறையும் மேசையும் எழுத்தறிவும் தலைமுறைகளாகக் கொண்டிருந்தவர்களுக்கு இல்லை.

ஆனால் அந்தக் கைப்பேசி மறுமுனையில் யாருடையது? ஐந்தாவது தேசியக் குடும்ப நல ஆய்வு 2019 முதல் 2021 வரை நடந்தது. 15 முதல் 49 வயது வரையிலான பெண்களில் தாமே பயன்படுத்தும் கைப்பேசி உடையவர்கள் 54 விழுக்காடு மட்டுமே என்று அது கூறுகிறது. ஒருமுறையேனும் இணையத்தைப் பயன்படுத்திய பெண்கள் 33 விழுக்காடு; ஆண்கள் 57 விழுக்காடு. ஆகவே பல வீடுகளில் அந்தப் பேசி கணவனுடையது, அல்லது அண்ணனுடையது, அல்லது மாமியார் தலையணைக்கு அடியில் இருப்பது. கடிதத்தை உரக்கப் படித்த குடும்பமே இன்று அழைப்புப் பட்டியலைத் துருவிப் பார்க்கிறது.

இந்தப் பேசியின் ஆற்றலை நம்மைவிட முன்னதாக உணர்ந்தவர்கள் சாதிப் பஞ்சாயத்தினர். 2012 ஜூலையில் உத்தரப் பிரதேசத்தின் பாக்பத் மாவட்டத்து ஆசரா கிராமப் பஞ்சாயத்து, நாற்பது வயதுக்குட்பட்ட பெண்கள் கடைவீதிக்குப் போகக்கூடாது, கைப்பேசி பயன்படுத்தக்கூடாது, காதல் திருமணம் கூடாது என்று ஒரே மூச்சில் ஆணையிட்டது. 2019 ஜூலையில் குஜராத்தின் பனாஸ்காந்தா மாவட்டத்தில் தாக்கோர் சாதியினர் கூடி, மணமாகாத பெண்கள் கைப்பேசி வைத்திருக்கத் தடை விதித்தனர். வேறு சாதியில் மணம் செய்வோரின் குடும்பத்துக்குத் தண்டத்தொகையும் விதித்தனர். கைப்பேசித் தடையும் கலப்பு மணத் தடையும் ஒரே தீர்மானத்தில் வந்தது தற்செயலானதன்று. நிலமும் சாதியும் பெண்ணின் மணவினை வழியாகவே தலைமுறை தாண்டுகின்றன. பெண் தானாக ஒருவனோடு பேசத் தொடங்கினால் அந்தக் கணக்கு தவறிவிடும்.

சாதி கைப்பேசியைத் தடை மட்டும் செய்யவில்லை. அதற்குள் குடியும் ஏறியது. செய்தித்தாளின் மணமக்கள் தேவைப் பத்தியில் சாதிவாரித் தலைப்புகள் இருந்ததை அறிவோம். 1990களின் இறுதியில் திருமண இணையத்தளங்கள் வந்தபோது அந்தப் பத்தி அப்படியே மின்வடிவம் பெற்றது. செய்தித்தாளில் ‘சாதி தடையில்லை’ என்று எழுதுவதற்கு இரண்டு சொற்களுக்குரிய காசு கொடுத்தால் போதும். இணையத்தளத்திலோ சாதியும் உட்சாதியும் கோத்திரமும் நட்சத்திரமும் நிரப்பப்பட வேண்டிய கட்டங்களாகவும் சலித்தெடுக்கும் கண்ணிகளாகவும் ஆயின. பின்னர் சாதிக்கொரு தளம் என்றே நிறுவனங்கள் தனித்தனியாகத் தொடங்கின. இத்தொழிலில் முன்னோடியான நிறுவனங்களுள் ஒன்று சென்னையைச் சேர்ந்தது என்பதில் நமக்குப் பெருமை கொள்ள ஏதுமில்லை. உறவினரிடம் வாய்வழி விசாரித்த நாளில் உட்சாதி சற்று மங்கலாக இருந்தால் பெரியவர்கள் கண்டும் காணாமல் விடுவதுண்டு. கட்டத்துக்கு அந்தத் தாட்சண்யம் கிடையாது. இந்தியாவில் மணமானோரில் சாதி கடந்து மணந்தோர் சுமார் 5 விழுக்காட்டினர் என 2011-12இல் நடந்த இந்திய மனிதவள மேம்பாட்டு ஆய்வு காட்டியது. இணையம் வந்து பதினைந்தாண்டுகளுக்குப் பிந்தைய நிலை அது.

மனிதர்களுக்கிடையிலான உறவு பண்டங்களுக்கிடையிலான உறவின் வடிவத்தில் தோன்றுவதை மார்க்ஸ் ‘மூலதனம்’ நூலில் விளக்கியதை நாம் சந்தைக்கும் தொழிற்சாலைக்கும் மட்டுமே பொருத்திப் பழகிவிட்டோம். வருமானம், நிறம், உயரம், சாதி என வரிசைப்படுத்திய மணமகள் பட்டியலைக் கட்டைவிரலால் தள்ளிக்கொண்டே போகும் ஒரு தகப்பனாரைப் பார்த்தால் அந்த அத்தியாயம் இன்னும் தெளிவாக விளங்கும்.

இப்போது இரண்டாவது விடைக்கு வருகிறேன். கருவி என்பது வெறும் கருவியா? 1954ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டத்தை எடுத்துக்கொள்வோம். மதம் கடந்து, மதம் மாறாமல் மணக்க விரும்புவோருக்கு நாடு முழுவதிலும் இருக்கும் சட்டவழி இது. அதன்படி மணமக்கள் முன்னறிவிப்புத் தர வேண்டும். பெயரும் முகவரியும் அடங்கிய அறிவிப்பின் படியைத் திருமண அலுவலர் தம் அலுவலகத்தில் எல்லோரும் காணுமிடத்தில் ஒட்ட வேண்டும். முப்பது நாளுக்குள் எவரும் ஆட்சேபம் எழுப்பலாம். இந்து திருமணச் சட்டப்படி மணப்போருக்கு இத்தகைய முன்னறிவிப்பு இல்லை. இந்தப் பாகுபாடே கண்டிக்கத்தக்கது. எனினும் 1954இல் அந்தத் தாள் ஒரு தாலுகா அலுவலகத் தாழ்வாரத்தில், எலி தின்ற பலகையில் தொங்கியது. அவ்வழியே போனவர் பார்த்தார். பெரும்பாலும் எவரும் பார்க்கவில்லை.

அதே தாள் இணையத்தில் ஏறினால் என்ன ஆகும்? கேரளத்தில் பதிவுத் துறை இந்த அறிவிப்புகளை, புகைப்படமும் முகவரியும் தெரியும்படி, தன் இணையத்தளத்தில் வெளியிட்டுவந்தது. வகுப்புவாதக் கும்பல்கள் அவற்றுள் இந்து, முஸ்லிம் இணைகளின் விண்ணப்பங்களைப் பொறுக்கியெடுத்து, ‘லவ் ஜிகாத்’ என்னும் பொய்ப்பெயர் சூட்டி வாட்ஸ்அப்பிலும் முகநூலிலும் சுற்றவிட்டன. எதிர்ப்பு எழுந்தபின் 2020 ஜூலையில் மாநில அரசு இணைய வெளியீட்டை நிறுத்தியது. இடதுசாரிகள் ஆட்சியிலிருந்த மாநிலத்திலேயே இது நடந்தது என்பதை மறைக்காமல் சொல்ல வேண்டும். எவரும் தீய எண்ணத்தோடு செய்ததன்று. நிருவாகத்தைக் கணினிமயமாக்குகிறோம், வெளிப்படையாக்குகிறோம் என்னும் நல்லெண்ணத்தில் செய்தது. சட்டம் மாறவில்லை, வாசகம் மாறவில்லை, முப்பது நாளும் மாறவில்லை. பலகையிலிருந்து திரைக்கு இடம்பெயர்ந்ததால் மட்டுமே ஒரு நடைமுறைத் தாள் வேட்டைக்காரர் கையில் முகவரிப் பட்டியலாக ஆனது. கருவியின் வடிவத்துக்கென்று ஓர் அரசியல் உண்டு என்று நான் சொல்வது இதைத்தான்.

நீதிமன்றங்கள் இதில் அங்குமிங்குமாகச் சில அடிகள் எடுத்துவைத்துள்ளன. அறிவிப்பை மணமக்களின் வீட்டு முகவரிக்கு அனுப்பக்கூடாதென 2009இல் டில்லி உயர்நீதிமன்றம் கூறியது. 2021 ஜனவரியில் அலகாபாத் உயர்நீதிமன்றம், அறிவிப்பை வெளியிடுவதும் வெளியிடாததும் மணமக்களின் விருப்பம் என்றது. தமிழ்நாட்டின் சுயமரியாதைத் திருமணங்களுக்கு ஊரறிந்த அறிவிப்பு தேவையில்லை என்று 2023 ஆகஸ்டில் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆனால் அந்தச் சட்டப்பிரிவு இந்துக்களுக்கு மட்டுமே உரியது. நாடாளுமன்றம் மட்டும் 1954இன் அறிவிப்பைத் தொடவேயில்லை. தனியுரிமை அடிப்படை உரிமை என்று ஒன்பது நீதிபதிகள் 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒருமனதாகத் தீர்ப்பளித்த பிறகும் நிலைமை இதுதான். தனியுரிமையை நடுத்தர வர்க்கத்தின் கவலை என்று ஒதுக்கும் தோழர்கள் சிலரை அறிவேன். சாதி கடந்தோ மதம் கடந்தோ மணக்கத் துணிந்த ஒரு தலித் இளைஞருக்கு அது உயிர்ப் பிரச்சினை.

அடையாளத்தைப் பற்றிப் பேச வேண்டும். இங்கே என் தொழிலுக்குரிய ஒரு சிக்கலைச் சொல்கிறேன். ஆங்கிலத்தில் ‘வீ’ என்றும் இந்தியில் ‘ஹம்’ என்றும் வரும் சொல்லைத் தமிழாக்கும்போதெல்லாம் நின்று யோசிக்க வேண்டியிருக்கிறது. ‘நாம்’ என்பதா, ‘நாங்கள்’ என்பதா? கேட்பவரையும் உட்படுத்துவது ‘நாம்’. அவரை வெளியே நிறுத்துவது ‘நாங்கள்’. இலக்கணத்தார் முன்னதை உளப்பாட்டுத் தன்மைப் பன்மை என்பர். தெலுங்கிலும் மலையாளத்திலும் இந்த வேறுபாடு உண்டு. மராத்தியிலும் குஜராத்தியிலும்கூட உண்டு. ஒரு தீர்மானத்தில் ‘வீ’ என்று வந்தால் அது கட்சியை மட்டும் குறிக்கிறதா, மக்களையும் சேர்த்துக் குறிக்கிறதா என்று மூலத்தை எழுதியவரையே தொலைபேசியில் கேட்டிருக்கிறேன். பல வேளைகளில் அவரும் அதுவரை யோசித்திருக்க மாட்டார்!

வாட்ஸ்அப் குழு என்பது ‘நாம்’ என்னும் சொல்லை இடைவிடாமல் உற்பத்தி செய்யும் இடம். பள்ளித் தோழர் குழு, அடுக்ககக் குழு, சாதிச் சங்கக் குழு, குலதெய்வக் கோயில் குழு. காலை வணக்கமும் பூவும் மருத்துவக் குறிப்பும் வருகின்றன. பிறந்தநாளுக்கு நாற்பது பேர் வாழ்த்துகிறார்கள். ஆலையிலும் அலுவலகத்திலும் எவரும் பொருட்படுத்தாத மனிதருக்கு இது மெய்யான ஆறுதல் என்பதை நாம் ஒப்புக்கொள்ள வேண்டும். அந்த வாழ்த்துகளுக்கு நடுவே ஒருநாள் ஒரு செய்தி வருகிறது: ‘அவர்கள்’ நம் குழந்தைகளைக் கடத்துகிறார்கள், ‘அவர்கள்’ நம் பெண்களை ஏமாற்றுகிறார்கள். அனுப்பியவர் சித்தப்பா. ஆகவே நம்புகிறோம். செய்தித்தாளை ஐயுற்றுப் படித்தவர்கள்கூடச் சித்தப்பாவை ஐயுறுவதில்லை. நெருக்கம்தான் அந்தப் பொய்யின் வாகனம்.

2018 ஜூலை 1, ஞாயிற்றுக்கிழமை, மராட்டியத்தின் துலே மாவட்டத்து ரைன்பாடா கிராமத்தில் சந்தை நாள். ஊர் ஊராகச் சென்று இரந்துண்டு வாழும் நாத கோசாவி என்னும் நாடோடிச் சமூகத்தினர் ஐவர் அங்கு வந்தனர். குழந்தை கடத்துவோர் சுற்றுகிறார்கள் என்று கைப்பேசிகளில் ஏற்கெனவே செய்தி பரவியிருந்தது. கூட்டம் அவர்களை ஊராட்சி அலுவலகத்துக்குள் வைத்து அடித்தே கொன்றது. அதே ஆண்டு மே மாதம் திருவண்ணாமலை மாவட்டத்தின் போளூர் அருகே, கோயிலுக்கு வந்த வழியில் குழந்தைகளுக்கு மிட்டாய் கொடுத்த ஒரு முதியவளும் இவ்வாறே கொல்லப்பட்டார். அந்நாட்களில் நாட்டின் பல பகுதிகளில் சுற்றிய ஒரு காணொளி, குழந்தைகளின் பாதுகாப்புக்கென்று கராச்சியில் எடுக்கப்பட்ட விழிப்புணர்வுப் படத்தின் வெட்டப்பட்ட துண்டு. குழந்தையைத் திருப்பிக்கொண்டுவந்து விடும் இறுதிக் காட்சி அதில் நீக்கப்பட்டிருந்தது.

நாடோடியாகவும் இரவலராகவும் வழிப்போக்கராகவும் இருந்தோர்க்கு நம் ஊர்களில் சமத்துவம் எந்நாளும் இருந்ததில்லை; ஆயினும் ஒரு பழகிய இடம் இருந்தது. வருவார், பாடுவார், அரிசி பெறுவார், போவார். அந்தப் பழக்கத்தைக் கைக்குள் வந்த ஒரு நிமிடப் படம் அழித்தது. வதந்திக்கு இணையம் கட்டாயத் தேவை என்று நான் சொல்லவில்லை. 2015 செப்டம்பரில் தாத்ரியில் கூட்டம் திரட்டப்பட்டது கோயில் ஒலிபெருக்கியால். ஆனால் ஒலிபெருக்கியில் பேசியவர் யார் என்று ஊருக்குத் தெரியும். கைமாறி வந்த செய்தியை முதலில் எழுதியவரை எவரும் அறியார்.

ரைன்பாடாவுக்குப் பிறகு அதே ஜூலை மாதத்தில் வாட்ஸ்அப் நிறுவனம், இந்தியாவில் ஒரு செய்தியை ஒரே நேரத்தில் ஐந்து உரையாடல்களுக்கு மேல் முன்னனுப்ப முடியாதபடி வரம்பு விதித்தது. படங்களுக்கு அருகிலிருந்த விரைவு முன்னனுப்பும் பொத்தானை எடுத்தது. செய்ய முடிந்ததை முன்பே ஏன் செய்யவில்லை? ஒரு பொத்தானை வைப்பதும் எடுப்பதும் முதலீட்டாளரின் முடிவு என்பது அப்போது வெட்டவெளிச்சமாயிற்று. கருவி யார் கையில் என்று கேட்டால் மட்டும் போதாது, அதை இந்த வடிவில் வார்த்தவர் யார் என்றும் கேட்க வேண்டும்.

வெறுப்பும் ஒருவகை நெருக்கத்தைத் தருகிறது என்பதை நாம் போதிய அளவு கணக்கிலெடுக்கவில்லை. 2021 ஜூலையிலும் 2022 ஜனவரியிலும் முஸ்லிம் பெண்களின் படங்களை ‘ஏலத்துக்கு’ வைத்த இரு செயலிகளை நினைவுகூருங்கள். பத்திரிகையாளர், விமானி, மாணவத் தலைவர் என வாய்திறந்து பேசிய பெண்களையே அவை குறிவைத்தன. கைதானோருள் சிலர் இருபதைச் சுற்றிய வயதினர். ஒரு பெண்ணும் உண்டு. வேலை கிடைக்குமா என்று தெரியாத, ஊரில் பேச ஆளில்லாத இளையோர், முகமறியாத கூட்டாளிகளோடு இரவெல்லாம் கேலி பேசிக் கிடைத்த தோழமை அது. அதைக் குற்றமென்று தண்டிப்பது அரசின் கடமை. அத்தகைய இளைஞர் மாலையில் போய் உட்கார நம் வாசகசாலை ஒன்று அந்தத் தெருவில் திறந்திருக்கிறதா என்பது நம்மிடம் கேட்கப்பட வேண்டிய கேள்வி.

இணையத்தால் தீங்கு வருமெனில் அணைத்துவிடலாமே என்பது ஆட்சியாளரின் விடை. 2019 ஆகஸ்ட் 4 இரவு காஷ்மீரில் கைப்பேசியும் தரைவழித் தொலைபேசியும் இணையமும் ஒருசேர அணைக்கப்பட்டன. டில்லியிலும் அலிகரிலும் படித்துக்கொண்டிருந்த காஷ்மீர மாணவர்கள் தாய்தந்தையர் உயிரோடிருக்கிறார்களா என்று அறியாமல் வாரக்கணக்கில் தவித்தனர். ஸ்ரீநகரில் மாவட்ட ஆட்சியர் அலுவலகத் தொலைபேசியில் ஓரிரு நிமிடம் பேச மக்கள் மணிக்கணக்கில் வரிசையில் நின்றனர். சொல்லவேண்டியதை அலுவலர் முன்னிலையில் சொன்னார்கள். அஞ்சல் நிலையத்து எழுத்தர் காலத்துக்கே அரசு அவர்களைத் திருப்பி அனுப்பியது! கட்டணம் பின்னர்ச் செலுத்தும் கைப்பேசிகளில் குரல் அழைப்பு அக்டோபர் 14இல் வந்தது. இணையத்தைக் காலவரையின்றி முடக்கக்கூடாதென 2020 ஜனவரி 10 அன்று உச்சநீதிமன்றம் கூறிய பின்னும், நான்காம் தலைமுறை இணையம் திரும்பியது 2021 பிப்ரவரி 5 அன்று, பதினெட்டு மாதங்கள் கழித்து. மணிப்பூரிலோ 2023 மே 4 அன்று இரு குக்கிப் பெண்களுக்கு இழைக்கப்பட்ட கொடுமையின் காணொளி, இணையம் முடக்கப்பட்டிருந்ததால், ஜூலை 19 அன்றுதான் நாட்டின் கண்ணில் பட்டது. கொடுமையைத் தடுக்க முடக்கம் உதவவில்லை. அறிய விடாமல் தடுக்கவே உதவிற்று.

உடைமை பற்றி விரிவாகப் பேசப் போவதில்லை. நம் இதழில் பலமுறை எழுதப்பட்டுள்ளது. இலவச இணையம் என்னும் பெயரில் முகநூல் நிறுவனம் விரித்த வலையை, பரந்த மக்கள் இயக்கத்தின் விளைவாக, 2016 பிப்ரவரி 8 அன்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம் தடுத்தது. அதே நிறுவனம் 2020 ஏப்ரலில் 43,574 கோடி ரூபாய்க்கு ஜியோ தளங்கள் நிறுவனத்தின் 9.99 விழுக்காட்டுப் பங்கை வாங்கும் உடன்பாட்டை அறிவித்தது. அலைக்கற்றை, செயலி, நம் வீட்டுப் பேச்சு மூன்றும் ஒரு கூரைக்குக் கீழ் வந்தன.

வேலை நேரம் குறித்து ஒன்று சொல்லியாக வேண்டும். அங்கன்வாடி ஊழியருக்கும் ஆஷா பணியாளருக்கும் அரசு ஊதியம் தருவதில்லை, மதிப்பூதியம்தான் தருகிறது. ஆனால் கைப்பேசி வழியாக இரவு பத்து மணிக்கும் கணக்குக் கேட்கிறது. மேற்பார்வையாளர் இருக்கும் குழுவில் உடனே பதிலளிக்காவிட்டால் எல்லோர் முன்னிலையிலும் கேள்வி வரும். 2021 ஆகஸ்டில் மராட்டிய அங்கன்வாடி ஊழியர்கள், பழுதான கைப்பேசிகளையும் தம் மொழியில் இல்லாத செயலியையும் எதிர்த்து, அரசு கொடுத்த கருவிகளைத் திரும்ப ஒப்படைத்துப் போராடினர். அந்தப் போராட்டத்துக்கு அவர்கள் ஒன்றுதிரண்டதும் கைப்பேசி வழியாகத்தான். குழு ஒன்றே, அதிகாரி இருந்தால் ‘நீங்கள்’, அதிகாரி இல்லாத குழுவில் ‘நாம்’.

செயல் பற்றி மூன்று கோரிக்கைகளைக் கிளைகளின் பரிசீலனைக்கு வைக்கிறேன். சிறப்புத் திருமணச் சட்டத்தின் அறிவிப்புப் பிரிவை நீக்கக் கோரும் இயக்கத்தை மாதர், இளைஞர் அமைப்புகள் சேர்ந்து எடுக்க வேண்டும். சாதி, மதம் கடந்து மணப்போருக்குக் கட்சி அலுவலகம் புகலிடம் தருவதோடு, அவர்களின் படங்களை வெற்றிச் செய்தியாக முகநூலில் ஏற்றும் நம் தோழர்களின் ஆர்வத்தையும் கட்டுப்படுத்த வேண்டும். இரண்டாவதாக, கிளைக் கூட்டத்தில் ஒவ்வொரு தோழரும் தாம் உறுப்பினராயுள்ள சாதிக் குழுக்களைச் சொல்லட்டும். வெளியேறச் சொல்வதற்காக அன்று. அங்கே பொய் வரும்போது பேசினோமா, மௌனமாக இருந்தோமா என்று தோழமையோடு கேட்பதற்காக. மூன்றாவதாக, நம் வீட்டுப் பெண்களின் கைப்பேசி யார் பெயரில் இருக்கிறது, அதன் கடவுச்சொல் யாருக்கெல்லாம் தெரியும் என்பதையும் அதே கூட்டத்தில் கேட்கலாம், சங்கடமான கேள்விதான்.

ஆஷா தோழர்கள் இருவர் பணி முடித்து நேரே இங்கு வந்திருக்கிறார்கள். அவர்களுக்குக் கடைசிப் பேருந்தைப் பிடிக்க வேண்டும் என்பதால், கேள்விகளை அதன்பின் வைத்துக்கொண்டு, முதலில் அவர்களைப் பேச அழைக்கிறேன்.